கல்லுக்கு வைத்த பெயர்

மாமனாரின் படத்துக்கு முன்னால் பிராந்தி பாட்டிலைத் திறந்து வைத்தபோதே புவனேஸ்வரி முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

அவர் செத்து ஒரு வருஷம். முதல் திதி. மனுஷனுக்குப் பிடித்தது ஒன்றுகூட விட்டுப்போகக் கூடாது என்று கோழிக் குழம்பு, அவித்த முட்டை, வெற்றிலை, புகையிலை எல்லாம் இலையில் வந்து உட்கார்ந்திருந்தன. மூத்த மகன் வேலுசாமி ஒரு சிகரெட்டைப் பற்றவைத்தார். அணைந்துவிடக் கூடாதே என்று ரெண்டு இழுப்பு இழுத்தார். பிறகு பயபக்தியோடு இலையோரத்தில் வைத்தார்.

அகரத்தில் இந்த வீட்டுக்கு இளைய மருமகளாக வந்த முதல் வாரத்தில் புவனேஸ்வரி பார்த்த காட்சி ஒன்று உண்டு.

மாமனார் சடையாண்டி பாதிச் சாப்பாட்டில் நிறுத்தினார். மீதிச் சோற்றிலேயே கையைக் கழுவினார். வாயைக் கொப்பளித்து அதிலேயே துப்பினார். உப்புக் கூடிப்போச்சு, இதை நீயே தின்னு என்று தட்டை மாமியார் அய்யம்மாள் பக்கம் தள்ளினார்.

அய்யம்மாள் தின்றார்.

பதினாறு வருஷம் ஆகியும் அந்தத் தட்டு புவனேஸ்வரியின் கண்ணைவிட்டுப் போகவில்லை.

படையல் முடிந்தது. பந்தியும் முடிந்தது. வெற்றிலை போட்டுக்கொண்டே வேலுசாமி பேச்சை எடுத்தார். அந்தக் கல்லுக்கு அப்பா பெயரை வைத்துவிடலாம் என்றார்.

கல் என்று அவர் சொன்னது ஒரு சிறுகோளை.

புவனேஸ்வரி பேகம்பூரில் ஒரு பள்ளியில் இயற்பியல் டீச்சர். ஏழு வருஷத்துக்கு முன்னால், வெளிநாட்டுத் தொலைநோக்கி எடுத்த படங்களை இணையத்தில் வாங்கிச் சலித்துப் பார்க்கும் திட்டம் ஒன்றில் சேர்ந்தாள். வானத்தின் ஒரே இடத்தை நாலு முறை எடுத்த படங்கள். மாற்றி மாற்றிப் பார்த்தால் நட்சத்திரமெல்லாம் நின்ற இடத்தில் நிற்கும். நிற்காமல் நகரும் புள்ளிதான் சிறுகோள்; அதைப் பிடிக்க வேண்டும். மூன்று நாள் கெடு.

அந்த மூன்று நாளும் அய்யம்மாள் அவளை அடுப்படிப் பக்கமே அண்டவிடவில்லை. எல்லா வேலையையும் தானே இழுத்துப் போட்டுக்கொண்டார்.

மூன்றாம் நாள் சாயங்காலம் ஒரு புள்ளி எறும்பு மாதிரி நகர்ந்தது. ஓடிவந்து சொன்னாள். பொட்டச்சி புள்ளியை எண்ணி என்னத்தைக் கிழிக்கப் போறா என்று கேட்டுவிட்டு, சடையாண்டி அவள் காலடியில் வெற்றிலைச் சாற்றைத் துப்பினார். அதைக் கழுவிவிட்டதும் அய்யம்மாள்தான்.

இப்போது அந்தக் கல்லின் பாதை உறுதியாகி, அதற்கு ஒரு எண்ணும் கொடுத்துவிட்டார்கள். கண்டுபிடித்தவர் ஒரு பெயர் சொல்லலாம் என்று போன வாரம் மெயில் வந்தது. தன் பெயரைத் தானே வைத்துக்கொள்ளக் கூடாது. அவளுக்கு அந்த ஆசையும் இல்லை. மெயிலைப் படித்த நிமிஷமே அய்யம்மாள் என்று முடிவு செய்துவிட்டாள். மெயில் வந்ததைப் புருஷன் பழனிக்குமாரிடம் சொன்னதுதான் தப்பு. அவன் அண்ணனிடம் ஒப்பித்துவிட்டான்.

ஊருக்குப் பெரிய மனுஷன், தர்மவான், குடும்பத்துக்காகவே வாழ்ந்த தெய்வம் என்று வேலுசாமி அடுக்கினார். பெயரோடு நாலு வரி எழுதி அனுப்ப வேண்டுமாமே, அதில் இதையெல்லாம் போட்டுவிடு என்றான் பழனிக்குமார்.

தர்மவான் என்ற சொல்லைக் கேட்டதும் புவனேஸ்வரியின் பார்வை அய்யம்மாளின் கைக்குப் போனது.

அய்யம்மாளின் இடது மணிக்கட்டு இன்றைக்கும் கோணலாகத்தான் இருக்கிறது. அதை முறுக்கிய தெய்வத்துக்குத்தான் வானத்தில் இடம் கேட்கிறார்கள். ஒன்றும் தெரியாதவர்கள் இல்லை. முறுக்கியபோது பக்கத்தில் நின்ற பிள்ளைகள்.

அத்தை பெயரைத்தான் வைப்பேன் என்று நேராகவே சொன்னாள்.

வேலுசாமி சிரித்தார். உயிரோடு இருக்கிற ஆளுக்கு என்ன அவசரம் என்றார். அம்மாவையே கேட்டுவிடலாம், அம்மா அப்பாவை விட்டுக்கொடுக்குமா என்றார்.

எல்லோரும் சுவரோரம் உட்கார்ந்திருந்த அய்யம்மாளைப் பார்த்தார்கள்.

அவர் மகன்கள் பக்கம் திரும்பவே இல்லை. அந்தக் கல் எப்படி இருக்கும் என்று மருமகளைக் கேட்டார்.

மூன்று கிலோமீட்டர் அகலம் என்றாள் புவனேஸ்வரி. அடுப்புக்கரி மாதிரிக் கறுப்பு. மேலே விழும் வெளிச்சத்தில் நூற்றில் நாலு பங்கைத் திருப்பித் தந்தால் அதிகம். காற்றில்லை, ஆறு குளமில்லை. ஒன்பது மணி நேரத்துக்கு ஒரு தரம் தன்னைத்தானே சுற்றும். சூரியனைச் சுற்றிவர நாலரை வருஷம் ஆகும்.

தங்கம் கிடக்குமா என்று நடுவில் வேலுசாமி கேட்டார்.

அய்யம்மாள் அதைக் காதில் வாங்காமல் அடுத்ததைக் கேட்டார்.

"என்னைக்காச்சும் இந்தப் பக்கம் வருமா, புவனா?"

"வராது அத்தை. செவ்வாய்க்கும் வியாழனுக்கும் நடுவுல அங்கனயே சுத்திக்கிட்டுக் கெடக்கும்."

நிஜமாகவா என்று அய்யம்மாள் இன்னொரு தரம் கேட்டார். நிஜமாகத்தான் என்றாள்.

"அப்ப அவரு பேரையே வையி."

வேலுசாமி துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அம்மா மனசு யாருக்கு வரும் என்று தம்பியிடம் சொன்னார்.

புவனேஸ்வரி போனை எடுத்தாள். மெயிலோடு வந்த படிவத்தில் பெயர் கேட்ட கட்டத்தில் சடையாண்டி என்று அடித்தாள். அந்தப் பெயரை எழுத முதல் முறையாக அவளுக்குக் கை கூசவில்லை.