பங்களாப் புல்

"கிட்ட கொண்டு வராதே அந்த மூட்டையை!"

சிவநாதன் வண்டியிலிருந்து குதித்தான். ரங்கூனை ஒட்டிய லைங் தாயாவின் குதிரைவண்டி ஸ்டாண்டில் வெற்றிலை மென்றுகொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

கமலாட்சி நிற்கவில்லை. நேரே புதுக் குதிரையின் முகத்துக்கு முன்னால் போய் மூட்டையை அவிழ்த்தாள். ஆற்றோரத்துப் பங்களாவில் மெஷின் வெட்டித் தள்ளிய புல். குதிரை கழுத்தை நீட்டியது.

அவள் அவனுடைய மாமியார். பழைய குதிரை செத்த அன்று, அவள் மகள் மாலா தவிட்டில் எலி மருந்து கலந்துவிட்டாள் என்று ஊரைக் கூட்டி, கட்டிய மனைவியை வீட்டைவிட்டுத் தள்ளியவன் அவன். அதன் பிறகு மாலா கடையில் விற்ற மொஹிங்கா மீன் நூடுல்ஸை ஒருவரும் வாயில் வைக்கவில்லை. விஷம் வைத்த கை என்றார்கள்.

"பச்சைப் புல்லுதானே, கோ சிவா? அங்க சும்மா கிடந்து வீணாப் போகுது."

"புல்லா இது? கையை விட்டுப் பாரு!"

அவள் மணிக்கட்டைப் பிடித்து மூட்டைக்குள் திணித்தான். வடித்த சோற்றுக்குள் கை வைத்த மாதிரி இருந்தது.

"சுடுதா? குதிரை இதை மெல்லாது. அள்ளி அள்ளி முழுங்கும். உள்ள போய்ப் புளிச்சு வயிறு ஊதும். வாந்தி எடுக்கவும் அதால முடியாது. உருண்டு உருண்டு சாகும்."

"மாட்டுக்குப் போடுறோமே."

"மாடு அசை போடும். உனக்கும் அந்த மாட்டு மூளைதான்."

யாரோ சிரித்தார்கள். கமலாட்சி விடவில்லை.

"கதை விடாதீங்க, கோ சிவா. புல்லைத் தின்னு எந்தக் குதிரை செத்துச்சு?"

"எந்தக் குதிரையா? என் குதிரைதான் செத்துச்சு! நானே வயித்தை அறுத்துப் பார்த்தேன். தவிடு ஒரு பிடி இல்ல. அத்தனையும் இந்த நாசமாப் போன புல்லு—"

சட்டென்று நாக்கைக் கடித்துக்கொண்டான்.

சிரித்தவர்கள் மூட்டையைத் திரும்பிப் பார்த்தார்கள். பழைய குதிரை சாவதற்கு முதல் நாள், ஓசித் தீனி கிடைத்ததென்று பீற்றிக்கொண்டு அதே பங்களாவிலிருந்து அவன் புல்மூட்டை ஏற்றி வந்ததை ஸ்டாண்டே பார்த்திருந்தது.

மூத்த வண்டிக்காரர் ஊ ச்சிட் எழுந்து வந்தார். வெற்றிலைச் சாற்றை அவன் காலருகே துப்பிவிட்டுப் போனார்.

கமலாட்சி மூட்டையின் வாயை இறுக்கிக் கட்டினாள்.

"நாளைக்குக் காலையில மாலா இங்கேயே கடை போடுவா, மாப்பிள்ளை."

அன்று தமிழில் அவள் பேசிய முதல் பேச்சு அதுதான். அதுவரை கேட்டதையெல்லாம், 'கோ' என்ற மரியாதைச் சொல்லோடு, பர்மியத்தில்தான் கேட்டிருந்தாள். கோபத்தில் அவனும் பர்மியத்திலேயே கத்தியிருந்தான்.

ஸ்டாண்டில் இருந்தவர்களில் வேறு யாருக்கும் தமிழ் தெரியாது.