கோச் ரூம் ஃபிரேம்

கல்லூரி ஃபுட்பால் டீமுக்குப் புது கோச் வந்தார். அவருடைய போட்டோவை கோச் ரூமில் இருந்த ஃபிரேமுக்குள் வைத்து, கைதட்டி மாட்டினார்கள். எல்லோரும் போனதும் அந்தப் போட்டோவின் முதுகுக்குப் பின்னால் ஒரு குரல் கேட்டது.

"சார், கொஞ்சம் தள்ளிக்குங்க. மூச்சு முட்டுது."

புதுப் போட்டோ வெலவெலத்துப் போனது. "யாருய்யா அது?"

"போன கோச்சோட போட்டோ. எனக்குப் பின்னால இன்னும் அஞ்சு பேர் இருக்காங்க. பழைய போட்டோவை எடுக்கச் சோம்பல்பட்டு, மேல மேல வச்சுட்டாங்க."

"ஐயையோ! அத்தனை கோச்சையும் ஏன் மாத்துனாங்க?"

"டீம் தோத்துச்சு. மாத்திட்டாங்க."

புதுப் போட்டோவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. "அப்போ எனக்குப் பயமில்ல. எங்க சார் இந்த வருஷமே கப் அடிச்சுடுவார்."

எல்லோருக்கும் அடியில் இருந்த பழுப்பேறிய போட்டோ வாய் திறந்தது.

"எங்க சாரும் கப் அடிச்சார் தம்பி. இந்த ஃபிரேமையே அவருக்காகத்தான் வாங்குனாங்க."

"அவரையுமா மாத்துனாங்க?"

"அடுத்த வருஷம் ஃபைனல்ல தோத்துட்டாரே."

புதுப் போட்டோவுக்குக் குலை நடுங்கியது. முகத்தில் இருந்த சிரிப்பை மட்டும் அதனால் மாற்ற முடியவில்லை.