மாப்பிள்ளை ஓட்டும் என் ஓட்டும்

வரிசையின் கடைசியில் போய் நின்று மூச்சு வாங்கும்போதுதான் பார்த்தேன். எனக்கு முன்னால் ஐந்தாவது ஆளாக என் மாப்பிள்ளை சின்ராசு.

முதுகுதான் தெரிந்தது. ஆனால் அந்தக் கட்டம் போட்ட சட்டையைத் தீபாவளிக்கு எடுத்துக் கொடுத்ததே என் வீட்டுக்காரிதான். தம்பி மேல் அவளுக்கு அவ்வளவு உசிர்.

எங்கள் ஊர் சிலமலைப் பள்ளிக்கூட வாசல். ஓட்டு முடிகிற ஆறு மணிக்கு இன்னும் ஐந்து நிமிடம்.

துண்டை எடுத்துத் தலையோடு முகத்தையும் சேர்த்துப் போர்த்திக்கொண்டேன்.

அவன் அங்கே இருக்கக் கூடாது. நானும் இருக்கக் கூடாது.

நேற்று மதியம் ஏலக்காட்டில் கஞ்சி குடிக்கும்போது பேசி முடித்தது அது. எங்கள் எஸ்டேட் போடிமெட்டைத் தாண்டி கேரளாப் பக்கம். அங்கே ஓட்டு முடிந்து இரண்டு வாரம் ஆகிவிட்டது. தமிழ்நாட்டு ஓட்டுக்கு அங்கே லீவு கிடையாது. கோடை வேறு. செடிக்குத் தண்ணீர் அடிக்கிற சோலி தலைக்கு மேல் கிடந்தது.

நான் ஒரு கட்சி. அவன் அதற்கு எதிர்க்கட்சி. பதினெட்டு வருஷமாக ஒரே ஜீப்பில் இறங்கி வந்து, ஒரே பள்ளிக்கூடத்தில் ஒருவர் ஓட்டை ஒருவர் அழித்துவிட்டுத் திரும்பிப் போய்க்கொண்டிருந்தோம்.

“நீங்க ஒண்ணு போடுறீக, நான் ஒண்ணு போடுறேன், ரெண்டும் அடிச்சுக்கிட்டுப் போகுது. அதுக்கு இம்புட்டு மலை வளைவு எறங்கி ஏறணுமா மச்சான்? ரெண்டு பேருமே போகாம இருந்துருவோம். சரியாப் போகும்” என்றான்.

இடுப்பு வலிக்காரனான எனக்கு அது தேனாக இருந்தது. உள்ளங்கையில் அடித்துச் சத்தியம் செய்துகொண்டோம்.

இன்று விடிந்ததும் என் மனசு வேறு மாதிரி ஓடியது. அவன் போகமாட்டான். நான் மட்டும் போனால் எங்கள் பக்கம் ஒன்று கூடுமே.

வயிற்று வலி என்று எஸ்டேட் லயத்து வீட்டில் படுத்துக்கொண்டேன். அவனோ மோட்டாருக்கு டீசல் வாங்கப் பூப்பாறை போவதாகச் சொல்லிவிட்டு, இரண்டு மணிக்கே கேனைத் தூக்கிக்கொண்டு கிளம்பினான். தொந்தரவு விட்டது என்று நான் மூன்று மணி ஜீப்பைப் பிடித்தேன்.

இப்போது அவன் திரும்பினால் என் சத்தியம் போச்சு. விலகிப் போனால் என் ஓட்டு போச்சு. அவனைக் கூப்பிட்டுச் சண்டை போடவும் வழியில்லை. நானும் அதே வரிசையில்தானே நிற்கிறேன்.

அவன் போட்டுவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போய்விட வேண்டும் என்று குலசாமியை வேண்டிக்கொண்டு நின்றேன்.

மணி ஆறு. போலீஸ்காரர் கேட்டைச் சாத்தினார். உள்ளேயிருந்து அதிகாரி ஒரு கட்டுச் சீட்டோடு வந்தார்.

நிற்கிறவர்களுக்கெல்லாம் நம்பர் போட்ட சீட்டு. சீட்டு இருந்தால் எவ்வளவு நேரமானாலும் ஓட்டுப் போடலாம். புதிதாக யாரும் வந்து ஒட்டிக்கொள்ளக் கூடாது என்று அதைக் கடைசி ஆளிடமிருந்துதான் கொடுத்துக்கொண்டு போவார்கள்.

கடைசி ஆள் நான். எனக்கு ஒன்றாம் நம்பர்.

சீட்டு பின்னாலிருந்து வந்ததால் ஒவ்வொருவனும் திரும்பி நின்று கை நீட்டினான். இரண்டு. மூன்று. நான்கு. ஐந்து.

ஆறாம் நம்பரை வாங்கச் சின்ராசு திரும்பினான்.

நீட்டிய கை அப்படியே நின்றது. துண்டுக்கு வெளியே தெரிந்த மூக்கை வைத்தே கண்டுபிடித்துவிட்டான்.

“மச்சான்… வயித்து வலி எப்படி இருக்கு?”

“கொறஞ்சிருச்சு. டீசல் கெடச்சுச்சா மாப்ளே?”

பக்கத்துப் பெண்கள் வரிசையில் எங்கள் தெருப் பேச்சி நின்றாள். “ஏப்பா, ஓட்டுப் போட வந்தீகளா, நலம் விசாரிக்க வந்தீகளா?” என்றாள். இரண்டு வரிசையும் சிரித்தது.

அவன் உள்ளே போனான். விரலில் மையோடு வெளியே வந்தவன் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு என்னைத் தாண்டிப் போனான்.

எல்லோரும் முடித்த பிறகு நான். மை வைத்தார்கள். மறைப்புக்குள் போய் விரலை நீட்டிக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றேன். பிறகு அமுக்கினேன். மிஷின் கத்தியது. பக்கத்துப் பெட்டியின் கண்ணாடிக்குள் சின்னம் அச்சான துண்டுத்தாள் ஏழு நொடி நின்றுவிட்டு விழுந்தது.

“ஐயா, முடிஞ்சிருச்சு, வாங்க” என்றார் அதிகாரி.

வெளியே டீக்கடை பெஞ்சில் எனக்கும் சேர்த்து டீ சொல்லிவிட்டுக் காத்திருந்தான் சின்ராசு.

பாதி கிளாஸைக் குடித்தான். பிறகு மெதுவாகக் கேட்டான்.

“மச்சான், எப்பவும் போடுற சின்னத்துலதான போட்டீக?”

“பின்ன? வேற எதுல போடுவேன்?”

கிளாஸை டொக்கென்று வைத்தான். “அட ஆண்டவா! அப்ப உங்க பக்கம் ரெண்டுல்ல விழுந்துருச்சு!”

சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்தான்.

“உங்க மூஞ்சியப் பாத்ததும் மனசு கேக்கல மச்சான். சத்தியத்த மீறி வந்து நிக்கிறமேன்னு கூச்சமாப் போச்சு. அபராதமா இருக்கட்டும்னு உங்க சின்னத்துலயே போட்டுட்டேன். அக்காகிட்டச் சொல்லிறாதீக.”

ஒரு தேர்தலையே தோற்றவன் மாதிரி உட்கார்ந்திருந்தான். எனக்கு வந்த சிரிப்பை டீயோடு சேர்த்து விழுங்கினேன்.

அவனுக்கு ஒரு வடை சொன்னேன். சட்னியைத் தாராளமாக ஊற்றச் சொன்னேன்.

என் விரலால் அவன் பக்கமும் ஒன்று விழுந்திருக்கிறது என்பதை மட்டும் நான் சொல்லவே இல்லை.