நான்காவது பேராலயம்

காப்பி ஆறுவதற்குள் மூன்று பேராலயங்களைத் தள்ளுபடி செய்துவிட்டார் ஆர்கன் மாஸ்டர். முதலாவது தகர டப்பா, இரண்டாவதுக்கு ஜலதோஷம், மூன்றாவது லிஃப்டில் போடத்தான் லாயக்கு.

அத்தனையும் அவர் வீட்டுக் கூடத்தில், ஒரு கம்ப்யூட்டருக்கும் இரண்டு ஸ்பீக்கருக்கும் நடுவில் நடந்தது. சர்ச்சில் இருந்த பழைய குழாய் ஆர்கனை, "ஆஸ்துமாக்காரன் மாதிரி இழுக்குது" என்று போன வருடம் பிரித்துப் போட வைத்தவர் அவர்தான். இனி சாஃப்ட்வேர் ஆர்கன். பேராலயத்து ஆர்கன்களின் ஒலிப்பதிவிலிருந்து அதற்கு ஒரு நல்ல குரல் பிடித்தாக வேண்டும்.

பிடிக்காவிட்டால் வீட்டில் தலை நிமிர முடியாது. பாடகர் குழுவை நடத்தும் மனைவி, பழையது போன நாளிலிருந்து அவரோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை.

"இந்த அழகுக்குத்தான் அதைப் பிரிச்சீங்களாக்கும்?" என்றாள்.

"காது இருக்கிறவனுக்குத்தான் அதெல்லாம் புரியும். நீ சும்மா இரு."

சாஃப்ட்வேர் விற்க வந்தவர் குறுக்கே புகுந்தார். "எல்லாமே நிஜக் குழாய், சார். எங்கேயாவது ஆர்கனைக் கழட்டப் போறாங்கன்னு காதுல விழுந்தா, முந்தின நாளே எங்க ஆளுங்க மைக்கோட போய் நின்னுடுவாங்க. ஒவ்வொரு குழாயையும் தனித்தனியா பதிஞ்சுடுவோம்."

"கதை போதும். அடுத்ததைப் போடுங்க."

நான்காவது ஒலித்தது. கீபோர்டின் கட்டையில் விரல் வைத்த மாஸ்டர் அப்படியே கண்ணை மூடிவிட்டார்.

"ஆஹா! மூச்சு விடுது பாருங்க, கல்சுவரே மூச்சு விடுது! முன்னூறு வருஷத்து பக்தி இது. அந்த மூச்சை இன்னும் கொஞ்சம் கூட்டுங்க!"

விற்பனையாளர் கூட்டினார். மனைவி சுருதிகூடக் கேட்காமல், தானாகவே மெல்லப் பாட ஆரம்பித்தாள். ஜெயித்துவிட்டோம் என்று மாஸ்டருக்குப் புல்லரித்தது.

"இதுதான், இதேதான்! முடிச்சுடுங்க." "இப்பேர்ப்பட்டதைக் கழட்ட எவனுக்குய்யா மனசு வந்தது? எந்தச் செவிட்டு மடையன் அவன்?"

விற்பனையாளர் திரையில் இருந்த பெயரையும், சுவரில் மாட்டியிருந்த சர்ச் படத்தையும் மாறி மாறிப் பார்த்தார்.

மனைவி பாட்டை நிறுத்திவிட்டு, ஆறிப்போன காப்பியைக் கையில் எடுத்துக்கொண்டாள்.

"நீங்கதாங்க."