எதிர்க்கடை ரஸ்க்

"இன்னைக்கும் வரிசை மருந்துக்கடை வரைக்கும் நிக்குது பாரு! எல்லாம் அந்த உதவாக்கரை போட்ட ரஸ்க்குக்கு!"

ரொட்டிக்கடை மாஸ்டர் தன் கடைக்குள் நின்று எதிர்க்கடையைப் பார்த்துப் பல்லைக் கடித்தார். அடுப்பு அணைந்து வெகுநேரமாகியும் அவர் வயிறு மட்டும் எரிந்துகொண்டிருந்தது.

"அவன் என் தம்பிங்க," என்றாள் மனைவி, கண்ணாடி அலமாரியைத் துடைத்தபடி. "நல்லா இருந்துட்டுப் போகட்டுமே."

"நல்லா இருக்கட்டும். என் கண்ணு முன்னாலதான் நல்லா இருக்கணுமா?"

மச்சினன் முன்பு இதே கடையில் மாஸ்டரிடம் வேலை பார்த்தவன். அவன் பிசைந்த மாவு ஒருநாள் உப்பாது, மறுநாள் புளித்துவிடும். கடைசியில் ஓர் அடுப்பு ரொட்டியை உள்ளேயே மறந்துவிட்டுத் தூங்கிப்போனான். வெளியே எடுத்தால் எல்லாம் காய்ந்த கட்டை. "உனக்கு இந்த ஜென்மத்துல ரொட்டி வராதுடா" என்று மாஸ்டர் அவனை அனுப்பிவிட்டார். போனவன் ஊரில் வேறு இடமே இல்லாததுபோல் நேர் எதிரில் கடை போட்டான். ரஸ்க்கைத் தவிர அங்கே வேறொன்றும் கிடையாது. அதற்கே அந்தக் கூட்டம்.

"யாராவது கேட்டா, 'தோத்துத் தோத்துத்தான் கத்துக்கிட்டேன்'ங்கிறானாம். என் மாவைப் பாழாக்கித்தானே தோத்தான்?"

மனைவி டீயும் இரண்டு ரஸ்க்கும் கொண்டுவந்து வைத்தாள். தொடமாட்டேன் என்று முகத்தைத் திருப்பிக்கொண்டவர், அவள் உள்ளே போனதும் ஒன்றை எடுத்து டீயில் நனைத்தார். கரைந்து விழாமல் நின்றது. கடித்தால் உள்ளே வரை ஒரே பக்குவம். இரண்டாவதும் காணாமல் போனது.

"இதுக்கு மாவு பிசைஞ்ச கை கைதான்டி," என்றார், கஷாயம் குடித்த முகத்தோடு. "இந்தப் பதம் அவனுக்கு எங்கேருந்து வந்துச்சு?"

"வாயில துகள் ஒட்டியிருக்கு, துடைச்சுக்குங்க," என்ற மனைவி, விற்காத ரொட்டிகளைச் சாக்கில் அள்ளினாள். தினமும் சாயந்திரம் நடப்பதுதான். கோழிப் பண்ணைக்குக் கொடுப்பதாகச் சொல்வாள். அந்தக் காசில்தான் மறுநாள் மாவு வரும்.

மாஸ்டருக்கு அந்தச் சாக்கைப் பார்க்கவே பிடிக்காது. "அவன் ரஸ்க்கை ஊரே தின்னுது, என் ரொட்டியைக் கோழி தின்னுது. சொல்லிட்டேன், இந்த வாரத்துல ஒருநாளாவது என் ரொட்டி மொத்தமும் வித்தாகணும். இல்லைன்னா கடைக்குப் பூட்டுதான்!"

அவர் ரொட்டி கெட்டி. அதில் அவருக்குப் பெருமை வேறு. "பஞ்சு மாதிரி இருந்தா அது ரொட்டியா, தலையணையா?" என்பார். பல் ஆடுகிறது என்று குறை சொன்னவர்களைப் பல் டாக்டரிடம் போகச் சொன்னவர் அவர். யார் எடுத்துச் சொல்லியும் இறங்காத மனிதரைப் பொறாமை இறக்கியது. மறுநாள் கடைக்கு வந்த டீச்சரம்மாவை நிறுத்தி, "என் ரொட்டியில என்னம்மா குறை?" என்று கேட்டார். அந்த அம்மாள் அடுக்கிக்கொண்டே போனதை வாய் திறக்காமல் கேட்டுக்கொண்டார்.

வழக்கமான மாவுக்குப் பக்கத்தில் தனியாக ஓர் உருண்டை பிசைந்து பார்த்தார். தண்ணீரைக் கூட்டினார், ரொட்டி உட்கார்ந்துவிட்டது. பால் சேர்த்து நெடுநேரம் உப்பவிட்டார், புளித்துவிட்டது. மச்சினன் செய்த தப்புகளையெல்லாம் இந்த வயதில் அவர் ஒன்றுவிடாமல் செய்தார்.

"எதுக்கு இந்த வம்பு? பழையபடியே போடுங்களேன்," என்றாள் மனைவி.

"நீ உன் தம்பி பக்கம்! எனக்குத் தெரியாதா?"

சனிக்கிழமை அந்தச் சின்ன உருண்டை சரியாக வந்தது. ஞாயிற்றுக்கிழமை மொத்த மாவையும் அப்படியே பிசைந்தார். விரலால் அமுக்கினால் மெல்ல எழும்பி வரும் ரொட்டி. காலையில் வாங்கிப்போன டீச்சரம்மா, மத்தியானம் பக்கத்து வீட்டாரோடு திரும்பி வந்தார். சாயந்திரம் அலமாரி காலி.

சாக்கோடு வந்த மனைவி அப்படியே நின்றாள். "ஒண்ணுகூட மிஞ்சலையா?"

"ஒரு துண்டுகூட இல்ல!" மாஸ்டர் மார்பை நிமிர்த்தினார். "கோழிங்களை இனிமே வேற இடம் பார்த்துக்கச் சொல்லு!"

அவளுக்கு முகமே செத்துவிட்டது. தம்பிக்குப் போட்டி வந்துவிட்ட கவலை என்று அவர் உள்ளுக்குள் சிரித்துக்கொண்டார்.

மறுநாள் எதிர்க்கடை திறக்கவேயில்லை. ரஸ்க்குக்கு வந்தவர்கள் சாத்திய கதவைப் பார்த்து முணுமுணுத்துவிட்டுக் கலைந்தார்கள்.

"பாருடி, பாரு!" மாஸ்டருக்குக் கால் தரையில் பாவவில்லை. "ஒரே நாள்! என் ரொட்டி வித்துச்சு, உன் தம்பி கடையைச் சாத்திட்டான்! இத்தனை நாள் எரிஞ்ச வயிறு இன்னைக்குத்தான் குளிர்ந்துச்சு!"

அப்போது கொல்லைக் கதவு தட்டப்பட்டது. மனைவி பதறி ஓடினாள். விடுவாரா மாஸ்டர்? பூனைபோல் பின்னாலேயே போய் அறைக்கதவின் மறைவில் நின்றார். கொல்லைப்படியில் மச்சினன். கலைந்த தலை, தூங்காத கண், கையில் காலிச் சாக்கு.

"என்னக்கா, நேத்து ரொட்டி மூட்டை வரலையே? ஊரெல்லாம் அலைஞ்சு வேற கடை ரொட்டியை வாங்கி அறுத்துக் காயவெச்சேன், எல்லாம் பொடிப்பொடியா உதிருது. மாமாவோட கெட்டி ரொட்டி இல்லாம நான் எப்படிக்கா ரஸ்க் போடுவேன்?"