மறைத்து வைத்த கேம்

"இனி ஒரு கேம்கூட வாங்க மாட்டேன்" என்று மனைவி ஆர்த்தியிடம் சத்தியம் செய்து ஒரு வாரம்கூட ஆகவில்லை. செழியன் இன்று கன்சோலில் கார் ரேஸ் ஒன்றை வாங்கிவிட்டான்.

நண்பன் சக்திவேலுக்குப் போன் போட்டான். "மச்சான், எங்க ரெண்டு பேருக்கும் ஒரே அக்கவுண்ட்டுடா. வாங்குன லிஸ்ட்ல அவ பாத்தா தொலைஞ்சேன்!"

"ஹைட் பண்ணுடா. தனி லிஸ்ட்டுக்குப் போயிடும்."

அடுப்படியில் மூன்றாவது விசில். ஆர்த்தி இதோ வந்துவிடுவாள். அவசரமாக மறைத்துவிட்டு, அந்தத் தனி லிஸ்ட்டைத் திறந்தான்.

அங்கே ஏற்கெனவே, அவன் வாங்காத பேய் கேம் ஒன்று இருந்தது. கடைசியாக ஆடிய தேதி, போன பௌர்ணமி. அன்று அவன் தனியாகக் கிரிவலம் போயிருந்தான்.

"ஏங்க," ஆர்த்தி உள்ளிருந்து குரல் கொடுத்தாள். "இந்தப் பௌர்ணமிக்கும் நீங்களே கிரிவலம் போய்ட்டு வந்துடுங்க. எனக்கு இன்னும் கால் வலி விடலைங்க."