துளைக்கு இந்தப் பக்கம்

எங்கே தவறு என்று எடிட்டர் செலினுக்குப் புரியவில்லை. குளிக்கும் நாயகியைக் கதவுத் துளை வழியே ஒருவன் எட்டிப் பார்க்கும் காட்சி அது. உடம்பு தெரிந்த துண்டுகளையெல்லாம் வெட்டிய பிறகும் பார்க்கக் கூசியது.

"கண்டிக்கத்தானே காட்டுறோம்? பொம்பள நீங்களே வெட்டினதுன்னா ஒருத்தரும் வாயத் திறக்க மாட்டாங்க மேடம்," என்றார் இயக்குநர் மகுடபதி. அதற்குத்தான் தன்னைக் கூப்பிட்டாரோ என்று அவளுக்குச் சந்தேகம் தட்டியது.

மறுபடி ஓட்டினாள். தோள், ஈரக்கூந்தல், கணுக்கால். எதைக் காட்டினாலும் கேமரா அவன் கண் இருந்த இடத்திலேயே நின்றிருந்தது. தியேட்டரில் உட்காருகிறவர்களும் அங்கிருந்துதான் பார்த்தாக வேண்டும்.

அவள் வெட்டத் தொடங்கியதும் மகுடபதி பதறினார். "ஹீரோயின் எங்க மேடம்?"

"குளிக்கிறா. நமக்கென்ன சார் அங்க வேலை?"

குளியலறைக்குள் தெரிந்ததை முழுக்க நீக்கிவிட்டு, வெளியே குனிந்து நிற்கும் அவன் முகத்தை மட்டும் காட்சி முடியும்வரை ஓடவிட்டாள்.